டோட்டா 2 மேட்ச் நேரம் ஒத்துப்போகவில்லையா? எவ்வளவு தப்பு என்று முதலில் பாருங்கள்

டோட்டா 2 என்பது ஐந்து பேர் கொண்ட இரண்டு அணிகள் மோதும் கணினி விளையாட்டு. எங்கள் ஐவர் அணியில் கணக்கு எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. ஐந்து பேரில் மோசமாக ஆடுவது நான் என்பதுதான் காரணம். எந்த மேட்ச் எப்போது தொடங்கியது, எத்தனை நிமிடம் ஓடியது, ரோஷன் என்ற பெரிய அரக்கன் எந்த நிமிடத்தில் விழுந்தது என்று ஒரு கூகுள் ஷீட்டில் எழுதி வைப்பேன். வேலை தொடங்கிய முதல் மாதத்தில் அந்த ஷீட்டில் இருந்த நேரங்களில் பாதிக்கு மேல் தப்பு. ஒரு மேட்ச் 1970-ஆம் ஆண்டில் நடந்ததாகவும், இன்னொன்று முப்பத்தைந்து மணி நேரம் ஓடியதாகவும் காட்டியது.

எல்லாத் தப்புக்கும் வேர் ஒன்றுதான். டோட்டாவில் 'மேட்ச் நேரம்' என்று நாம் சொல்வது மூன்று வெவ்வேறு கடிகாரங்களை. முதலாவது உலகக் கடிகாரம்: மேட்ச் எந்தத் தேதியில், எத்தனை மணிக்குத் தொடங்கியது என்பது. இரண்டாவது ஆட்டக் கடிகாரம்: திரையின் மேல் நடுவில் ஓடுவது. மூன்றாவது பதிவின் கடிகாரம்: ரீப்ளேயிலோ வீடியோவிலோ கீழே ஓடும் நேரம். ஒன்றை இன்னொன்று என்று நினைத்தால் கணக்கு கெட்டுவிடும்.

கெட்டதிலும் ஒரு நல்லது உண்டு. ஒவ்வொரு குழப்பமும் தனக்கென்று ஒரு அளவு வைத்திருக்கிறது. அதனால் எதையும் திருத்துவதற்கு முன் 'எவ்வளவு தப்பு?' என்று கழித்துப் பாருங்கள். சரியாக ஐந்தரை மணி நேரமா, ஒரு மணி நேரமா, ஒன்றரை நிமிடமா, இல்லை நான்கு நிமிடம் பன்னிரண்டு நொடி மாதிரி ஒழுங்கில்லாத எண்ணா? இந்த வித்தியாசம் தெரிந்தால் பாதி வேலை முடிந்தது.

மேட்ச்சையே காணோம்

நேரம் தேடும் முன் மேட்ச் எண் வேண்டும். ஆட்டம் முடிந்ததும் வரும் ஸ்கோர் பலகையிலும், உங்கள் ப்ரொஃபைலில் உள்ள பழைய ஆட்டங்களின் பட்டியலிலும் அது இருக்கும். இப்போதைய எண்கள் பத்து இலக்கம். ஷீட்டில் ஒட்டும்போது அந்தக் கட்டத்தை 'உரை' என்று மாற்றிக்கொள்ளுங்கள். இல்லையென்றால் குறுகிய நெடுவரிசையில் எண் அறிவியல் குறியீடாகச் சுருங்கி நிற்கும், அதிலிருந்து நகலெடுத்து எதையும் தேட முடியாது.

டோட்டாவுக்குள் மேட்ச் இருக்கிறது, ஆனால் மேட்ச் விவரங்களைத் திரட்டிக் காட்டும் ஓப்பன்டோட்டா போன்ற தளத்தில் உங்கள் பெயருக்குக் கீழே வரவில்லை என்றால் இரண்டு காரணங்களைப் பாருங்கள்.

ஒன்று, தனியுரிமை அமைப்பு. டோட்டாவின் ஆப்ஷன்ஸ் பக்கத்தில் 'எக்ஸ்போஸ் பப்ளிக் மேட்ச் டேட்டா' என்று ஒரு டிக் இருக்கிறது. அது அணைந்திருந்தால் மேட்ச் வெளியே தெரியும், அதில் ஆடியது நீங்கள்தான் என்பது மட்டும் தெரியாது. மூலத் தரவில் (தளங்கள் டோட்டாவிலிருந்து எடுக்கும் கச்சா விவரத்தில்) உங்கள் கணக்கு எண்ணுக்குப் பதிலாக 4294967295 நிற்கும். முப்பத்திரண்டு பிட்டில் அடங்கும் மிகப் பெரிய எண் அது, 'பெயர் சொல்ல விருப்பமில்லை' என்பதற்கான அடையாளம். டிக் போட்டுவிட்டு, தளத்தில் உங்கள் பக்கத்தைப் புதுப்பிக்கச் சொல்லுங்கள். அவசரமென்றால் அதுவும் வேண்டாம்: மேட்ச் எண்ணைக் கொடுத்து நேரடியாகத் தேடினால் ஆட்டம் வந்துவிடும்.

இரண்டாவது காரணம் டர்போ, அதாவது சீக்கிரம் முடியும் வேக ஆட்ட வகை. ஓப்பன்டோட்டா தன் வழக்கமான கணக்கில் டர்போ ஆட்டங்களைச் சேர்ப்பதில்லை. நேற்று இரவு ஐந்து மேட்ச் ஆடினோம், இரண்டுதான் காட்டுகிறது என்று ஒருவர் புலம்பினால், மற்ற மூன்றும் டர்போவா என்று கேளுங்கள். பெரும்பாலும் அதுதான்.

நேரம் சரியாக ஐந்தரை மணி நேரம் தள்ளி நிற்கிறது

மூலத் தரவில் தொடக்க நேரம் தேதியாக இருக்காது, பத்து இலக்க எண்ணாக இருக்கும். 1970 ஜனவரி 1 நள்ளிரவு, யூடிசி (உலகப் பொது நேரம்) கணக்குப்படி, அன்றிலிருந்து ஓடிய நொடிகளின் எண்ணிக்கை அது. இந்தியாவும் இலங்கையும் யூடிசிக்கு ஐந்தரை மணி நேரம், அதாவது 19,800 நொடி முன்னால் இருக்கின்றன.

உங்கள் ஷீட்டில் நேரம் ஐந்தரை மணி பின்தங்கியிருந்தால் அந்த 19,800-ஐச் சேர்க்க மறந்திருக்கிறீர்கள். ஐந்தரை மணி முந்தியிருந்தால் இரண்டு தடவை சேர்த்திருக்கிறீர்கள். இந்த இரண்டாவது தப்புதான் அடிக்கடி நடக்கும். தளங்களின் பக்கங்கள் உங்கள் பிரவுசரின் நேரத்துக்கு ஏற்பத் தாமே மாற்றித்தான் காட்டுகின்றன. அந்தத் தேதியை நகலெடுத்து, அதன் மேல் நாம் மறுபடி ஐந்தரையைக் கூட்டினால் விடிகாலையில் ஆடியது காலை பத்து மணி ஆட்டமாகிவிடும்.

ஷீட்டில் மாற்றுவதற்கு நான் வைத்திருக்கும் சூத்திரம் இது:

(எண் + 19800) ÷ 86400 + 25569

86,400 என்பது ஒரு நாளின் நொடிகள். 25,569 என்பது எக்செலும் கூகுள் ஷீட்ஸும் 1970 ஜனவரி 1-க்குக் கொடுத்திருக்கும் வரிசை எண். விடை வந்ததும் கட்டத்தின் வடிவத்தைத் தேதியும் நேரமும் என்று மாற்றுங்கள். சூத்திரம் சரியா என்று பார்க்க 1700000000 என்று போட்டுப் பாருங்கள். 2023 நவம்பர் 15, அதிகாலை 3 மணி 43 நிமிடம் 20 நொடி என்று வர வேண்டும். வரவில்லை என்றால் ஷீட்டின் மற்ற வரிகளையும் நம்பாதீர்கள்.

ஆட்டம் 1970 ஜனவரியில் நடந்ததாகக் காட்டுகிறது

நொடிகளை எதிர்பார்க்கும் இடத்தில் மில்லி நொடி, மில்லி நொடியை எதிர்பார்க்கும் இடத்தில் நொடி. ஜாவாஸ்கிரிப்ட் போன்றவை தேதியை மில்லி நொடியில் எண்ணும். பத்து இலக்க எண்ணை அப்படியே கொடுத்தால் மேலே சொன்ன 2023 நவம்பர் ஆட்டம் 1970 ஜனவரி 20-க்குப் போய்விடும். ஆயிரத்தால் பெருக்குங்கள். தலைகீழாக, பதின்மூன்று இலக்க எண்ணை நொடி என்று எண்ணிக்கொண்டால் ஆண்டு ஐம்பதாயிரத்தைத் தாண்டும். அதை யாரும் கவனிக்காமல் விட முடியாது.

தளம் காட்டும் நேரமும் தரவில் உள்ள நேரமும் நாற்பது நிமிடம் போல வேறுபடுகின்றன

இந்த வித்தியாசம் மேட்ச்சுக்கு மேட்ச் மாறும். நாற்பது நிமிட ஆட்டத்துக்கு நாற்பது, இருபத்தெட்டு நிமிட ஆட்டத்துக்கு இருபத்தெட்டு. அதாவது ஆட்டத்தின் நீளமேதான் வித்தியாசம். ஓப்பன்டோட்டாவின் மேட்ச் பக்கத்தில் 'இத்தனை மணி நேரத்துக்கு முன்' என்று வருவது முடிந்த நேரம், தொடங்கிய நேரத்தோடு ஆட்ட நீளத்தைக் கூட்டிக் கிடைப்பது. இதில் பிழை எதுவும் இல்லை, இரண்டும் வேறு கேள்விக்கான பதில்கள்.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். ஆட்ட நீளம் என்பது ஆட்டக் கடிகாரத்தின் கணக்கு. பாஸ் (ஆட்டத்தைத் தற்காலிகமாக நிறுத்துவது) போட்டால் அந்தக் கடிகாரம் நின்றுவிடும். யாருக்கோ இணைப்பு அறுந்து பத்து நிமிடம் காத்திருந்தீர்கள் என்றால் அந்தப் பத்து நிமிடம் கணக்கில் இருக்காது. 'நான் பதினொன்றரைக்கே முடித்துவிட்டேன், தளத்திலேயே போட்டிருக்கிறது பாருங்கள்' என்று வீட்டில் சாட்சி காட்டுபவர்களுக்கு இந்த ஓட்டை உதவும்.

35:20 என்று எழுதினேன், முப்பத்தைந்து மணி நேரம் ஆகிவிட்டது

எக்செலுக்கும் கூகுள் ஷீட்ஸுக்கும் இரண்டு எண்களுக்கு நடுவே முக்காற்புள்ளி இருந்தால் அது மணியும் நிமிடமும்தான். நிமிடமும் நொடியும் என்று அவை ஊகிக்காது. சராசரி எடுக்கும்போதுதான் இது வெளியே தெரியும். 0:35:20 என்று முன்னால் ஒரு சுழியம் போடுங்கள். அதைவிட நல்ல பழக்கம், எல்லாவற்றையும் நொடியாகவே வைத்துக்கொள்வது. தரவில் ஆட்ட நீளம் ஏற்கெனவே நொடியில்தான் வருகிறது: 35:20 என்றால் 2120. கூட்டல், சராசரி எல்லாம் நொடியில் செய்துவிட்டு, கடைசியில் காட்டும்போது மட்டும் நிமிடமாக்குங்கள்.

இதே ஷீட்டை எக்செலில் திறந்து, சில கட்டங்கள் முழுக்க ##### என்று நிறைந்தால் அது எதிர்மறை நேரம். வழக்கமான ஆட்டத்தில் கடிகாரம் −1:30-இல் தொடங்குகிறது. கொம்பு ஊதி க்ரீப் (கணினியே இயக்கும் சிறு வீரர்கள்) படை கிளம்பும் கணம்தான் 0:00. அதற்கு முன் வாங்கிய டாங்கோவும் (உயிர் ஏற்றும் பொருள்) வார்டும் (ஓர் இடத்தைக் கண்காணிக்க நடுவது) −80, −70 என்ற நொடிகளில் பதிவாகும். எக்செலுக்கு நேரம் எதிர்மறையாக இருக்கலாம் என்பதே தெரியாது. இங்கும் மருந்து அதேதான், நொடியாக வைப்பது.

ஒரு நிகழ்வு எல்லா ஆட்டத்திலும் சரியாக 90 நொடி தள்ளிப் போகிறது என்றால் உங்கள் பட்டியல் ஒன்றில் சுழியம் கொம்பிலிருந்தும், இன்னொன்றில் கடிகாரம் கிளம்பிய கணத்திலிருந்தும் எண்ணப்படுகிறது. கொம்பிலிருந்து எண்ணுவதையே வைத்துக்கொள்ளுங்கள். ஆடுபவர்கள் பேசுவது அந்த நேரத்தில்தான்.

வீடியோவில் அந்த நிமிடத்துக்குப் போனால் வேறு சண்டை ஓடுகிறது

எனக்கு அதிக நேரம் தின்றது இதுதான். 'இருபத்திரண்டாவது நிமிடத்தில் நம் மிட் (நடுப் பாதை) ஆள் செத்தது ஏன்?' என்று பார்க்க வேண்டும். வீடியோவில் 22:00-க்கு ஓட்டினால் எல்லாரும் லேனில் (தங்கள் பாதையில்) நின்று க்ரீப் அடித்துக்கொண்டிருப்பார்கள். டிராஃப்ட் (ஹீரோக்களைத் தேர்ந்தெடுக்கும் கட்டம்), கடிகாரம் எதிர்மறையில் ஓடும் ஒன்றரை நிமிடம், தொகுப்பாளர்களின் பேச்சு எல்லாம் வீடியோவின் முன்பகுதியில் இருக்கின்றன.

செய்ய வேண்டியது இப்படி. ஆட்டக் கடிகாரம் 10:00 காட்டும் இடத்துக்கு வீடியோவை ஓட்டுங்கள். வீடியோ நேரம் 24:35 என்று வைத்துக்கொள்வோம். வித்தியாசம் 14:35. இனி எந்த ஆட்ட நேரத்தோடும் 14:35 கூட்டினால் வீடியோ நேரம் கிடைக்கும். ஒரே தொடரின் அடுத்த ஆட்டத்துக்கு இந்த எண் செல்லாது, புதிதாக எடுக்க வேண்டும்.

அப்புறம் கடைசிப் பகுதியில் ஒரு இடத்தைச் சோதியுங்கள், ஆட்ட நேரம் 30:00 என்று. அங்கும் வித்தியாசம் 14:35 என்றால் நிம்மதி. அங்கே 18:47 வந்தால் நடுவில் 4 நிமிடம் 12 நொடி பாஸ் ஓடியிருக்கிறது. எங்கே என்று பாதி பாதியாகப் பிரித்துத் தேடுங்கள்: 20:00-இல் பாருங்கள், பழைய வித்தியாசமே இருந்தால் பாஸ் அதற்குப் பின். 25:00-இல் பாருங்கள். நான்கைந்து தாவலில் சிக்கிவிடும். பாஸுக்கு முன் ஒரு வித்தியாசம், பின் ஒரு வித்தியாசம் என்று இரண்டையும் குறித்து வையுங்கள்.

ரீப்ளே கோப்பிலும் இதே கதைதான், கணக்கு மட்டும் 'டிக்' என்ற மிகச் சிறு கால அலகில் ஓடும். நொடிக்கு 30 டிக், பத்து நிமிடத்துக்கு 18,000. பாஸில் ஆட்டக் கடிகாரம் நிற்கும், டிக் நிற்காது. ஒரே ஒரு தடவை டிக்கைக் கடிகாரத்தோடு பொருத்திவிட்டுக் கடைசிவரை அதையே நம்பினால், பாஸ் வந்த ஆட்டங்களில் மட்டும் நிகழ்வுகள் தள்ளிப்போகும். 'சில மேட்ச்சில் சரியாக வருகிறது, சிலதில் வரவில்லை' என்ற புகாருக்கு அநேகமாக இதுதான் பதில்.

ரீப்ளேயை நாளைக்கு இறக்கிக்கொள்ளலாம் என்று தள்ளிப்போடாதீர்கள். சர்வரில் அவற்றைக் காலம் முழுக்க வைத்திருப்பதில்லை. நேரத்தோடு பொருத்திப் பார்க்க வேண்டிய ஆட்டம் என்றால் அன்றைக்கே எடுத்துவிடுங்கள்.

ரோஷன் நேரம் ஒவ்வொரு முறையும் தப்புகிறது

ரோஷன் செத்தால் 8 முதல் 11 நிமிடத்துக்குள் ஏதோ ஒரு கணத்தில் மீண்டும் வரும். எந்தக் கணம் என்பது தற்செயல். அதனால் 'பதினோராவது நிமிடம் வரை வராது' என்று சொல்வதும் தப்பு, 'எட்டாவது நிமிடம் வந்தே தீரும்' என்பதும் தப்பு. நம்மிடம் இருப்பது மூன்று நிமிட இடைவெளி. அந்த மூன்று நிமிடமும் ரோஷன் வாழும் குழிக்கு வார்டு வேண்டும்.

எங்கள் ஆள் ஒருவர் ஃபோனில் ஸ்டாப்வாட்ச் வைத்து எண்ணினார். ஒரு பாஸ் வந்தது, கணக்கு போயிற்று. ஃபோன் எண்ணுவது உலகக் கடிகாரம், ரோஷன் எண்ணுவது ஆட்டக் கடிகாரம். ஸ்டாப்வாட்சைத் தூக்கிப் போடுங்கள். ரோஷன் விழுந்த கணம் மேலே உள்ள நேரத்தைப் பாருங்கள். 23:40 என்றால் அணி சாட்டில் இப்படித் தட்டுங்கள்: 2840, 3140, 3440 (அதாவது 28:40, 31:40, 34:40). முதலாவது ஏஜிஸ் (ரோஷன் விட்டுச் செல்லும், செத்தால் ஒருமுறை உயிர் தரும் பொருள்) காலாவதியாகும் நேரம் (எடுத்ததிலிருந்து 5 நிமிடம், விழுந்ததுமே எடுத்திருந்தால்), இரண்டாவது ரோஷன் மீளக்கூடிய முதல் கணம், மூன்றாவது கடைசிக் கணம். சண்டை நடுவில் கழித்தல் கணக்குப் போட யாருக்கும் மூளை வேலை செய்யாது. முடிவு நேரத்தை எழுதி வைத்துவிட்டால், கடிகாரத்தோடு ஒப்பிடுவது மட்டும்தான் பாக்கி.

பைபேக்குக்கும் (செத்ததும் தங்கம் கொடுத்து உடனே உயிர்பெறுவது) இதே வழி. திரும்ப வாங்க 8 நிமிடம் ஆகும். எதிரணிக் கேரி (அணியின் முக்கியத் தாக்குதல் ஆள்) 36:10-இல் வாங்கினால் 44:10 என்று எழுதுங்கள். அதற்குள் அவரை இன்னொரு தடவை வீழ்த்தினால் நேரே பேரக்ஸுக்குப் (எதிரணித் தளத்தின் படை முகாம்) போகலாம்.

சராசரி ஆட்ட நீளம் நம்ப முடியாத அளவுக்குக் குறைவு

டர்போ கலந்திருக்கிறது. தரவில் ஆட்ட வகைக்கான எண் 23 என்றால் டர்போ, 22 என்றால் இப்போதைய ஆல் பிக், 2 என்றால் கேப்டன்ஸ் மோட். வகை வாரியாகப் பிரித்த பிறகுதான் சராசரி எடுக்க வேண்டும். டர்போவின் நேரங்களை வைத்து ரேங்க்டு (தரவரிசைக்கான) ஆட்டத்தைத் திட்டமிடுவது, இருபது ஓவர் ஸ்கோரை வைத்து டெஸ்ட் மேட்ச் ஆடுவது மாதிரி.

போட்டியைப் பார்க்க உட்கார்ந்தால் ஒரு மணி நேரம் முந்தியோ பிந்தியோ இருக்கிறது

சரியாக ஒரு மணி நேரம் என்றால் கோடைகால நேரம். இந்தியாவிலும் இலங்கையிலும் அது கிடையாது என்பதால் நமக்கு அது நினைவிலேயே இருக்காது. ஐரோப்பாவில் அக்டோபரின் கடைசி ஞாயிற்றுக்கிழமை கடிகாரத்தைப் பின்னே தள்ளுவார்கள், அமெரிக்காவிலும் கனடாவிலும் நவம்பரின் முதல் ஞாயிறு. இடைப்பட்ட வாரத்தில் ஐரோப்பாவுக்கும் அமெரிக்காவுக்கும் இடையே உள்ள தூரம்கூட ஒரு மணி நேரம் சுருங்கும்.

இதற்கு டோட்டாவிலேயே உதாரணம் இருக்கிறது. டோட்டாவின் மிகப் பெரிய போட்டித் தொடரான தி இன்டர்நேஷனலின் 2023 இறுதிப் போட்டி சியாட்டிலில் அக்டோபர் 29 அன்று நடந்தது. ஐரோப்பா கடிகாரத்தை மாற்றியதும் அதே நாள். சியாட்டில் இன்னும் மாற்றவில்லை. அதனால் சியாட்டில் நேரத்தோடு பன்னிரண்டரை மணியைக் கூட்டியவர்களுக்கு எதுவும் ஆகவில்லை. மத்திய ஐரோப்பிய நேரத்தில் போட்ட பட்டியலைப் பார்த்து, முந்தைய நாள் போலவே மூன்றரை மணியைக் கூட்டியவர்கள் ஒரு மணி நேரம் முன்னதாகவே வந்து உட்கார்ந்திருப்பார்கள். அன்றிலிருந்து கூட்ட வேண்டியது நாலரை. போட்டி நடக்கும் ஊரின் நேரத்தை எடுத்து மாற்றுவதுதான் பத்திரம்.

வித்தியாசம் பதினான்கு மணி நேரமா? 'சிஎஸ்டி' என்ற மூன்றெழுத்துதான் வில்லன். சீன நேரத்துக்கும் அமெரிக்க மத்திய நேரத்துக்கும் அதே எழுத்துகள்தான். 'ஐஎஸ்டி'யும் அப்படியே: இந்தியா, இஸ்ரேல், அயர்லாந்து மூன்றும் அதைத்தான் எழுதுகின்றன. மூன்றெழுத்தை நம்பாமல் யூடிசியோடு கூட்டல் கழித்தல் எவ்வளவு என்று பாருங்கள்.

நாளின் முதல் தொடர் சரியாகத் தொடங்கி, இரண்டாவது தொடர் மட்டும் தள்ளிப்போனால் உங்கள் கணக்கில் கோளாறு இல்லை. பட்டியலில் உள்ளது ஓர் உத்தேசம்தான். 2023, 2024 இறுதிப் போட்டிகள் இரண்டும் மூன்றே ஆட்டத்தில் முடிந்தன. ஹாம்பர்க்கில் நடந்த 2025 இறுதி ஐந்து ஆட்டம் வரை இழுத்தது. மறுநாள் காலை அலுவலகம் இருப்பவர்கள் ஐந்து ஆட்டத்துக்குத் தயாராக இருப்பது நல்லது.

நம் அணி ஆட்களே நேரத்துக்கு வருவதில்லை

எங்கள் ஆட்டம் ஞாயிறு இரவு 9 மணி, இந்திய நேரம். சிங்கப்பூரில் இருப்பவருக்கு அது எப்போதும் இரவு 11.30. டொரண்டோவில் இருப்பவருக்குக் கோடையில் காலை 11.30, நவம்பரிலிருந்து காலை 10.30. ஒரு நவம்பர் ஞாயிறு அவர் வழக்கம் போல 11.30-க்கு வந்தார். நாங்கள் நால்வரும் லாபியில் ஒரு மணி நேரம் உட்கார்ந்து, அவர் தூங்கிவிட்டார் என்று திட்டிக்கொண்டிருந்தோம். அவர் மேல் தப்பே இல்லை.

இப்போது நேரத்தை எழுத்தில் சொல்வதை நிறுத்திவிட்டோம். டிஸ்கார்ட் என்ற அரட்டைச் செயலியில் கோண அடைப்புக்குறிக்குள் ஆங்கிலச் சிறிய எழுத்து 'டி', ஒரு முக்காற்புள்ளி, அதையடுத்து பத்து இலக்க நொடி எண் என்று இடைவெளி இல்லாமல் போட்டால், படிக்கும் ஒவ்வொருவருக்கும் அவரவர் ஊர் நேரமாக அது தெரியும். அந்த எண்ணை எடுக்க மேலே சொன்ன சூத்திரத்தைத் திருப்பிப் போட்டால் போதும். ஷீட்டில் இந்திய நேரப்படி தேதியையும் மணியையும் ஒரே கட்டத்தில் எழுதி,

(தேதி நேரம் − 25569) × 86400 − 19800

என்று கணக்கிடுங்கள். விடை பத்து இலக்கத்தில் வர வேண்டும். தசமப் புள்ளிக்குப் பின் ஏதாவது ஒட்டிக்கொண்டு வந்தால் முழு எண்ணாக்கிவிட்டு ஒட்டுங்கள், இல்லையென்றால் டிஸ்கார்ட் அதை நேரமாக எடுத்துக்கொள்ளாமல் அப்படியே எழுத்தாகக் காட்டும்.